மார்கோ போட்ட சீஸ்

கிரெனோபிள் ஊரில் ஒதீல் முப்பது வருஷமாகக் கிறிஸ்துமஸ் விருந்துக்கு உருளைக்கிழங்கைக் காகிதம்போல் சீவி, கிரீம் ஊற்றி, ஓவனில் சுட்டு, கிராத்தான் என்ற பதார்த்தம் செய்துவந்தாள். எல்லோருக்கும் பரிமாறிவிட்டு அவள் உட்காரும்போது ஆறிப்போன ஓரம்தான் மிஞ்சும். ஆனாலும் அதில் சீஸ் போடுகிறவர்களை அவள் மன்னித்ததே இல்லை. அந்த ஊரில் யாருமே மன்னிப்பதில்லை.

இந்த வருஷம் அவளுக்கு முட்டிவலி. பாரிஸ்காரி மருமகள் மார்கோ செய்துகொண்டு வந்தாள். மேலே பொன்னிறமாகச் சீஸ்.

"ஏம்மா, பீட்சாவா இது? தொலைஞ்சே நீ!" என்றார் மாமனார் கஸ்தோன்.

எல்லோரும் ஒதீலையே பார்த்தார்கள். அவள் ஒரு வாய் தின்றாள். சூடாக இருந்தது.

"நல்லாயிருக்கு, கண்ணு. இனிமே வருஷா வருஷம் நீயே செஞ்சிடு."