ஒரு ஃபேன் மாட்டணும்

அந்தத் திங்கட்கிழமை காலை மீட்டிங்கில் எங்கள் பேக்கிங் லைன் ஆட்கள் பன்னிரண்டு பேரும் நானும் நின்றிருந்தோம். சூப்பர்வைசர் இருந்தார். எப்போதும் வராத பிளான்ட் மேனேஜர்கூட வந்திருந்தார். அக்கா மட்டும் இல்லை.

அக்கா எங்கள் லைனின் கடைசி ஆள். பெயிண்ட் உலர்த்தும் அடுப்பை ஒட்டி நிற்பவர். சனிக்கிழமை அங்கேயே மயங்கி விழுந்தார். மறுநாள் போனில், "வூட்டுல போவாதன்றாங்க தம்பி. இந்த வாரம் பாக்கறேன், அப்பால வேலைய வுட்டுடறேன்" என்றார்.

எங்கள் ஒரகடம் கம்பெனியில் வாரா வாரம் ஆளுக்கொரு சீட்டு சஜஷன் பெட்டியில் போட வேண்டும். திங்கட்கிழமை அவற்றை உரக்கப் படிப்பது என் வேலை. எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவன் நான். அந்தப் பெருமையோடு அழுத்தித் திருத்தமாகப் படிப்பேன். அக்காவுக்கு எழுத வராது. அவர் சொல்வதை நான்தான் எழுதுவேன்: "ஒரு ஃபேன் மாட்டணும்."

முதல் வாரம் யாரும் சிரிக்கவில்லை. சிரிக்க வைக்கச் சொன்னதும் இல்லை அது. மூன்றாம் வாரம் அதே வரி வந்தபோது பின்னாலிருந்து ஒரு 'களுக்'. ஆறாம் வாரம் எல்லோருக்கும் சலித்துப்போனது. எனக்கே கூச்சமாக இருந்தது.

"மாத்தி எழுதலாமாக்கா?"

"முன்னாடி இன்னா வேணா எழுதிக்கோ. கடைசி வரிய மட்டும் தொடாத."

அப்படியே செய்தோம். "கேண்டீன் சாம்பார் நல்லா கீது. ஒரு ஃபேன் மாட்டணும்." அடுத்த வாரம்: "வல்லக்கோட்டை முருகன்கிட்ட வேண்டிக்கினேன், மொதல் காத்து சூப்பர்வைசர் சாருக்குத்தான். ஒரு ஃபேன் மாட்டணும்." பிறகு நான் சீட்டைப் பிரிக்கும்போதே சிரிப்பு கிளம்பிவிடும். வரப்போவது என்னவென்று எல்லோருக்கும் தெரியும். அதற்காகக் காத்திருக்கிற அந்த நொடிதான் ருசி. ஃபேன் மட்டும் வரவில்லை.

மேனேஜர் வந்த அன்று சூப்பர்வைசர் என் காதருகே குனிந்தார். "இன்னிக்கு ஒரு நாள் அந்த ஃபேன் வேணாம்பா. என் மானத்த வாங்காத." அவரும் பாவம், மேலே இரண்டு முறை கேட்டுப் பார்த்தவர். "நான் சொல்லமாட்டேன் சார்" என்றேன்.

சொல்லவில்லை. அக்கா போனில் சொல்லி நான் எழுதிய சீட்டைப் பிரித்தேன். "சனிக்கிழமை மயங்கி விழுந்துட்டேன். எனக்கு இந்த வேலை வேணும்." அங்கேயே நிறுத்தி, நிமிர்ந்து பார்த்தேன்.

ஒரு நொடி. இரண்டு நொடி.

"ஒரு ஃபேன் மாட்டணும்!"

பன்னிரண்டு குரலும் ஒன்றாக வெடித்தன. பதிமூன்றாவது குரல் சூப்பர்வைசருடையது. தன்னை மறந்து கத்திவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். மேனேஜர் விழுந்து விழுந்து சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "எத்தன வாரமா கேக்கறீங்க?"

"பத்தொம்போது சார்" என்றேன்.

புதன்கிழமை ஃபேன் வந்து சுவரில் ஏறியது. அக்கா வரும்வரை ஒருவரும் சுவிட்சைத் தொடவில்லை. வியாழக்கிழமை வந்தார். நேராகப் போய் சூப்பர்வைசரை இழுத்துவந்து ஃபேனுக்கு முன்னால் நிறுத்தினார். "நில்லுங்க சார், சாமி வேண்டுதல்!" சுவிட்சைத் தட்டினார். லைனே கைதட்டியது. சூப்பர்வைசரின் தொப்பி ஒரு பக்கம் பறக்க, கையிலிருந்த ஃபேன் ரசீது என் காலடியில் வந்து விழுந்தது. எடுத்து, வழக்கம்போல உரக்கப் படித்தேன்: மாட்டும் கூலியும் சேர்த்து மொத்தம் மூவாயிரத்து எண்ணூறு ரூபாய்.