ஏழாவது மாடிப் பூதத்தின் தோள்

கேசட்டின் அடிவாயில் உதட்டை வைத்து ஊதினால் நாக்கு நுனியில் ஒரு துரு ருசி ஒட்டும். கொஞ்சம் கசப்பும் கொஞ்சம் புளிப்புமான அந்த ருசிதான் என்னைப் பொறுத்தவரை என்னுடைய பதினோராவது வயது. நாங்கள் "டிவி கேம்" என்று சொன்ன அந்தச் சாம்பல் நிறப் பெட்டி, ஊதாத கேசட்டை ஏற்றுக்கொள்ளாது. அப்படியே மாட்டினால் திரை முழுக்கக் கட்டம் கட்டமாகப் பூச்சி பறக்கும். கழற்றி, ஊதி, பாவாடைத் தும்பால் துடைத்து, மறுபடி மாட்டினால் மூன்றாவது தடவையில் வழிக்கு வரும். இதற்குக் "கேசட்டுக்கு மூச்சுக் குடுக்குறது" என்று பெயர் வைத்திருந்தோம், யார் மூச்சுக் கொடுப்பது என்று எனக்கும் மல்லிகா அத்தைக்கும் தினமும் போட்டி நடக்கும்.

காரைக்குடியில் செஞ்சைப் பக்கம் எங்கள் வீடு. எதிர்வீட்டு ஆச்சியின் பேரன்களுக்குச் சிங்கப்பூரிலிருந்து புதுப் பெட்டி வந்ததும், பழையதை ஆச்சி ஒரு மஞ்சள் பையில் போட்டு எங்களுக்குக் கொடுத்தனுப்பினார். கூடவே வந்தது ஒரே ஒரு கேசட். மேலே ஒட்டியிருந்த படம் உரிந்து போயிருந்தது, திரையில் வந்த எழுத்து எந்த ஊர் எழுத்து என்று அப்பாவுக்கே தெரியவில்லை. ஆகவே அந்த விளையாட்டின் உண்மைப் பெயர் எங்களுக்குக் கடைசி வரை தெரியாது. நாங்களாக வைத்த பெயர் "கோபுர கேம்". ஏழு மாடிக் கோபுரம் ஒன்றில், கவிழ்த்த சட்டி போன்ற தொப்பியும் கையில் ஈட்டியுமாக ஒரு குட்டை மனிதன் ஏறிப் போக வேண்டும், அவ்வளவுதான் கதை. அவனுக்குச் "சட்டித்தலையன்" என்று நான்தான் பெயர் வைத்தேன்.

கதை சின்னது, விளையாட்டு பொல்லாதது. மொத்தம் மூன்று "உசுரு". மூன்றும் போனால், நீங்கள் ஆறாவது மாடியில் நின்றாலும் சரி, மறுபடி அடிவாசலிலிருந்துதான் ஏற வேண்டும். ஒரு வௌவால் உரசினாலே போதும், சட்டித்தலையன் இரண்டடி பின்னால் தூக்கி எறியப்படுவான். அவனுக்குப் பின்னால் எப்போதும் ஒரு பள்ளம் இருக்கும். அடிபட்டுச் செத்ததைவிட விழுந்து செத்ததே அதிகம். பள்ளிக்கூடம் விட்டு வந்து இரண்டு மாதம் முட்டி மோதியும் நான் இரண்டாவது மாடியைத் தாண்டவில்லை.

மாசி மாதம் ஒரு மத்தியான வேளையில் அத்தை டவுன் பஸ்ஸில் தனியாக வந்து இறங்கினாள். அப்பாவின் கடைசித் தங்கை. திருப்பத்தூர்ப் பக்கம் கட்டிக் கொடுத்து இரண்டு வருடம்தான் ஆகியிருந்தது. கையில் ஒரு துணிப்பை, காலில் செருப்பில்லை. "நாலு நாள் இருந்துட்டுப் போகட்டும்" என்று அப்பா சொன்னார், நாலு நாள் நாற்பது நாளானது. வீட்டில் பெரியவர்களின் குரல் இறங்கிவிட்டது. ஏன், என்ன என்று கேட்காதே என்று அம்மா எனக்குக் கட்டளை போட்டுவிட்டாள். அத்தை பாத்திரம் விளக்குவாள், அரைப்பாள், துவைப்பாள். வாசலில் யாராவது வந்தால் மட்டும் பின்கட்டுக்குப் போய்விடுவாள்.

ஒரு வாரம் அவள் கீரை ஆய்ந்துகொண்டே நான் சாவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு ஒருநாள், "அவன் எதுக்கு உள்ள நுழைஞ்சதுமே ஓடுறான்?" என்று கேட்டாள். ஓடாவிட்டால் எப்படி மேலே போவது என்று நான் எரிச்சலாகச் சொன்னேன். "மொதல்ல அசையாம நில்லு. வெளிய போற வாசல் எங்குட்டு இருக்குன்னு பாத்து வச்சுக்க. அப்பறமா அடியெடுத்து வை" என்றாள். செய்து பார்த்தேன். இரண்டாவது மாடியின் வாசல் மேலே இல்லை, ஊஞ்சல் பலகைகளுக்குக் கீழே இருந்தது. இரண்டு மாதமாக நான் தப்பான பக்கம் ஓடிக்கொண்டிருந்திருக்கிறேன்.

அன்றிலிருந்து நாலரை மணிக்கு நான் வந்ததும் கேசட்டுக்கு மூச்சுக் கொடுத்துவிடுவோம், அப்பா ஆபீஸிலிருந்து வருகிற வரைக்கும் ஆட்டம்தான். அத்தையிடம் இருந்தது வேகமில்லை, வேறு ஏதோ ஒன்று. மூன்றாவது மாடி வௌவால்களைப் பார்த்ததும், "பள்ளத்துக்கு முதுகைக் காட்டாத. முதுகுக்குப் பின்னால செவரு இருக்குற மாதிரி நில்லு. அடி விழுந்தாலும் செவத்துலதேன் போயி முட்டுவான்" என்றாள். நாலாவது மாடியில் ஈட்டிக்காரர்கள் வருவார்கள். ஒருவனைக் குத்தினால் மற்றவன் இரண்டு மடங்கு வேகத்தில் பாய்வான். அங்கேதான் நான் அலறி அலறிச் செத்தேன். அத்தை தூணோரம் சட்டித்தலையனைக் குனிய வைத்துவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். ஈட்டிகள் தலைக்கு மேலே பறந்தன. "திருப்பி அடிச்சா அவுகளுக்குக் கோவம் கூடுது பாரு. கம்முனு குத்தவச்சிருந்தா கொஞ்ச நேரத்துல அசந்து போயிருவாக" என்றாள். அப்படியே போனார்கள். டிவிக்குள் இருக்கிற எதிரிக்கெல்லாம் "அவுக, இவுக" என்று மரியாதை கொடுக்கிறாளே என்று நான் விழுந்து விழுந்து சிரித்தேன், அவளும் சிரித்தாள். இதையெல்லாம் பழைய அறிவியல் நோட்டின் பின்பக்கத்தில் மாடிவாரியாக எழுதி வைத்தேன்; அந்த நோட்டைப் பரீட்சைக்குப் படித்ததைவிட அதிகம் படித்திருக்கிறேன்.

பங்குனி பிறக்கும்போது ஏழாவது மாடிக்கு வந்துவிட்டோம். அங்கே ஒரே ஒரு பூதம். பாதித் திரையை அடைத்துக்கொண்டு நிற்கும். எந்த முன்னறிவிப்பும் இல்லாமல் கையை ஓங்கி அடிக்கும். என்னால் ஒருமுறைகூடத் தப்பிக்க முடியவில்லை. அத்தை மட்டும் ஒவ்வொரு தடவையும் சரியான நொடியில் குனிந்தாள். எப்படி என்று கேட்டேன். "தோளைப் பாரு. கை ஓங்குறதுக்கு முன்னாடி தோள் ஒரு நூல் ஒசரும். அப்பவே குனிஞ்சிரணும். கையைப் பாத்துட்டுக் குனிஞ்சா நேரம் பத்தாது" என்றாள். நான் கண்ணைத் திரையோடு ஒட்டிவைத்துப் பார்த்தேன். எனக்கு எந்தத் தோளும் தெரியவில்லை. எங்களுடையது பழைய கறுப்பு வெள்ளை டிவி, படம் எப்போதும் கொஞ்சம் நடுங்கும். அதனால்தான் தெரியவில்லை என்று நினைத்துக்கொண்டு நோட்டில், "ஏழாம் மாடி: தோள் உயர்ந்தால் குனி" என்று எழுதினேன்.

ஒரு சிக்கல் இருந்தது. அத்தை குனிவாளே தவிரக் குத்த மாட்டாள். "குத்துங்கத்தே, குத்துங்கத்தே" என்று நான் கத்தக் கத்தக் குனிந்துகொண்டே இருப்பாள், நேரம் தீர்ந்து உசுரு போய்விடும். கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தோம். ஒரே ரிமோட்டை ஆளுக்கு ஒரு கையாகப் பிடித்துக்கொள்வது. இடப்பக்கம் அவள் கட்டைவிரல், நகர்வதும் குனிவதும் அவள் பொறுப்பு; வலப்பக்கம் என் கட்டைவிரல், ஈட்டியால் குத்துவது என் பொறுப்பு. அவளுடைய தோள் என் தோளோடு இடித்துக்கொண்டிருக்கும். பூதத்துக்குப் பன்னிரண்டு குத்து வேண்டும் என்று நான் எண்ணி வைத்திருந்தேன், ஆறு வரை போனோம், எட்டு வரை போனோம்.

அந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை காலையில் பேச்சுவார்த்தைக்கு ஆள் வந்தார்கள். கண்டரமாணிக்கத்திலிருந்து எங்கள் பெரியப்பா, அத்தையின் மாமனார், அத்தையின் வீட்டுக்காரர் மாமா. முன்னறையில் ஜமுக்காளம் விரித்து உட்கார்ந்தார்கள். அத்தையைத் திருப்பி அனுப்புவதா வேண்டாமா என்பதுதான் பேச்சு. ஆனால் அத்தை உள்ளறை நிலைக்குப் பின்னால் நின்றாள், அவளை யாரும் கேட்கவில்லை. கேட்கிற வழக்கமும் எங்களில் கிடையாது. அம்மா அடுப்படியிலிருந்து வந்து, "அவ முதுகை ஒருக்கா வந்து பாருங்க" என்று தொடங்கினாள். "பொம்பளைக அங்குட்டு இருங்க, நாங்க பேசிக்கிருவோம்" என்று பெரியப்பா நிறுத்திவிட்டார். அப்பா ஜமுக்காளத்தின் நூலைப் பிரித்துக்கொண்டிருந்தார்.

பிறகு பெரியப்பா என்னைக் கூப்பிட்டார். பெரியவர்களின் வழக்கு முட்டி நின்றால் வீட்டுப் பிள்ளையைக் கேட்பது அவர் வழக்கம். "பிள்ளை பொய் சொல்லாது. இங்குட்டு வா ஆத்தா. அத்தை இங்க வந்ததுலயிருந்து எப்படி இருக்கா? அழுகுறாளா, சோறு தண்ணி எறங்காமக் கெடக்காளா?"

எனக்குப் பெருமை பொங்கியது. இத்தனை பெரிய மனிதர்கள் நடுவில் அத்தையின் திறமையைச் சொல்ல ஓர் இடம் கிடைத்ததே என்றுதான் நினைத்தேன். "அத்தை அழுகவே இல்ல பெரியப்பா. தெனமும் எங்கூட டிவி கேம் விளையாடுது. ஏழாவது மாடி வரைக்கும் போயிருச்சு. சிரிச்சுக்கிட்டேதேன் இருக்கும்."

மாமா முதலில் சிரித்தார், பிறகு எல்லோரும் சிரித்தார்கள். "கேட்டீகளா? நாந்தேன் சொன்னேனே, விளையாட்டுப் புத்தி, வேறொண்ணும் இல்லைன்னு" என்று மாமா எழுந்து, நழுவிய துண்டைத் தோளில் போடக் கையை உயர்த்தினார். நிலைக்குப் பின்னால் அத்தை சட்டென்று குனிந்தாள். எதையோ கீழே போட்டுவிட்டாள் போல என்று நான் நினைத்தேன்.

புதன்கிழமை நாள் நல்லாயிருக்கிறது, அன்றைக்கு வந்து கூட்டிப் போகட்டும் என்று முடிவானது. அதற்கு முன்னும் பின்னும் நான் சொன்ன பொய்களுக்குக் கணக்கில்லை. மார்க் ஷீட்டில் அப்பா கையெழுத்தைப் போட்டவள், கோவிலுக்குப் போகிறேன் என்று ஐஸ் வாங்கித் தின்றவள். அந்த ஒரு நாள் பார்த்து உண்மையைச் சொன்னேன். சாயங்காலம் அத்தையிடம் போய், "எம்மேல கோவமாத்தே?" என்று கேட்டேன். அவள் எனக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். "நீ உள்ளதத்தானே சொன்ன" என்றாள். பின்னலை எப்போதும்போல இறுக்கி முடித்து ரிப்பன் கட்டினாள்.

செவ்வாய்க்கிழமை நான் பள்ளிக்கூடத்திலிருந்து ஓடி வந்தேன். போவதற்குள் முடித்துவிட வேண்டும் என்று இருவருக்கும் வெறி. அன்று போல அத்தை என்றும் ஆடியதில்லை. மூன்று உசுரும் அப்படியே இருக்க ஏழாவது மாடிக்கு ஏறினோம், அங்கே என் அவசரத்தால் இரண்டு போய், கடைசி உசுரில் பூதத்தின் முன்னால் நின்றோம். அவள் குனிய, நான் குத்த, எட்டு, ஒன்பது, பத்து. பதினொன்றும் விழுந்தது. இன்னும் ஒன்றே ஒன்று. அப்போது அத்தையின் கட்டைவிரல் நின்றுவிட்டது. திரும்பிப் பார்த்தேன், அவள் டிவியைப் பார்க்கவில்லை. எனக்கு எதுவும் கேட்கவில்லை, அதற்கும் கொஞ்ச நேரம் கழித்துத்தான் தெருமுனையில் மாமாவின் மோட்டார் சைக்கிள் சத்தம் எனக்குக் கேட்டது. ஒருநாள் முன்னதாகவே வந்துவிட்டார். அத்தை ரிமோட்டிலிருந்து கையை எடுத்துச் சேலையைச் சரி செய்துகொண்டாள். "நீ முடிச்சிரு ஆத்தா" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

நான் தோளைப் பார்த்தேன், எனக்கு எதுவும் தெரியவில்லை. பூதம் அடித்தது. சட்டித்தலையன் பின்னால் பறந்து பள்ளத்தில் விழுந்தான்.

மூன்றாவது வருடம் ஐப்பசியில், அத்தை கிணற்றடியில் வழுக்கி விழுந்துவிட்டாள் என்று ஆள் வந்து சொன்னார்கள். அங்கே போனபோது எல்லோரும் அதையே சொன்னார்கள். திரும்பி வந்து நாங்களும் கேட்டவர்களுக்கு அதையே சொன்னோம். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் யாரும் அவள் பேரை எடுக்கவில்லை. அவளுடைய கல்யாணப் படம் எங்கே போனது என்று எனக்குத் தெரியாது. டிவி கேமை அம்மா ஒரு போகிக்குப் பழைய சாமான்காரனிடம் போட்டுவிட்டாள், நோட்டும் அதோடு போயிருக்கும். செஞ்சை வீட்டையும் விற்றாகிவிட்டது.

எனக்கு இப்போது நாற்பது தாண்டிவிட்டது, மதுரையில் இருக்கிறேன். போன மாதம் அடுப்படியில் நிற்கும்போது என் மகளின் போனிலிருந்து ஒரு இசை கேட்டது. நான்காவது மாடியின் இசை. கரண்டியை வைத்துவிட்டு ஓடினேன். பழைய கேம்களெல்லாம் இப்போது போனிலேயே கிடைக்கின்றனவாம். இரண்டடிக்கு ஒருமுறை நிறுத்திச் சேமித்துக்கொள்ளலாம், செத்தால் அதே இடத்தில் எழலாம். நாற்பது நாள் நாங்கள் ஏறிய கோபுரத்தை அவள் ஒரு மத்தியானத்தில் ஏறிவிட்டாள். ஏழாவது மாடி வந்ததும், பூதத்தை மெதுவாக ஓட்டச் சொன்னேன். ஒவ்வொரு படமாக நிறுத்தி நிறுத்தி ஓட்டலாம் என்று காட்டினாள். திரை கண்ணாடி போலத் தெளிவு. பூதத்தின் நிறம் பச்சை என்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

கை கீழே இருக்கும் ஒரு படம். கை மேலே இருக்கும் ஒரு படம். நடுவில் வேறு எதுவும் இல்லை.

"தோளப் பாரு. அடிக்கிறதுக்கு முன்னாடி ஒசரும்" என்றேன்.

"ஒசரலையேம்மா. யாரு சொன்னா ஒனக்கு?"

"மல்லிகா அத்தை."

"அது யாரு?"

இன்னொரு தடவை ஓட்டு என்று மட்டும் சொன்னேன். அவள் சலிக்காமல் மூன்று தடவை ஓட்டிக் காட்டினாள். தோள் உயரவே இல்லை.