பாஞ்சாலிக்கு ஒரு பீடி

செந்துறைப் பக்கத்து அந்த ஊரில் கலைமணிக்குக் குடிக்கத் தண்ணீர்கூட ஒருவரும் தரவில்லை. படுகளத் திடலில், பாரதப் போர் முடியும் நாள் கூத்துக்காக, துரியோதனனை மண்ணால் செய்து நீளமாகக் கிடத்தியிருந்தார்கள். அதன் கால்மாட்டில் அவள் காமிராவின் டிரைபாடை ஊன்றியதும், ஒரு பெண் வந்து அதன் அடியிலேயே சாணித் தண்ணீரைத் தெளித்துவிட்டுப் போனாள். கைதவறிப் பட்டதாகக் காட்டிக்கொள்ளவும் அவள் முயலவில்லை.

கலைமணி கீழப்பழுவூர்க்காரி. அரியலூரில் கல்யாண வீடியோ எடுப்பது பிழைப்பு. தாலி கட்டும் நேரத்தில் தவில்காரரின் விரல்களையே எடுத்துக்கொண்டிருந்து வாங்கிக் கட்டிக்கொண்ட அனுபவம் உண்டு. ஏலாக்குறிச்சித் தேரின் பேண்டு வாத்தியம், பெரம்பலூர்ப் பக்கத்துப் பறையாட்டம் என்று அலைந்தவள், கடைசியில் இளையபெருமாள் வாத்தியாரின் பாரதக் கூத்துக் குழுவில் வந்து நின்றாள். ஆண்டுக்கொரு திருவிழா, திருவிழாவுக்கொரு பகுதி என்று முழுப் பாரதத்தையும் படமாக்கி வந்தாள். மிச்சம் இருந்தது ஒன்றுதான்: துரியோதனன் வீழ்ந்ததும் பாஞ்சாலி கூந்தல் முடிவது. அது இல்லாமல் படம் இல்லை.

அதை அவளே கெடுத்துக்கொண்டாள். சென்ற ஆண்டு ஒப்பனைக் கொட்டகையில், பாஞ்சாலி வேடமிட்ட சாமிதுரை புடவையும் சடையுமாக உட்கார்ந்து பீடி இழுத்ததை எடுத்தாள். ‘பாஞ்சாலிக்கு ஒரு பீடி’ என்று எழுதி இணையத்தில் போட்டாள். அவன் மணிக்கட்டில் இருந்த காப்பு அவள் கண்ணில் படவில்லை. ஊர்க்காரர்கள் கண்ணில் அதுதான் முதலில் பட்டது. அம்மனுக்குக் காப்புக் கட்டியவன் விரதம் முடியும்வரை பீடியைத் தொடக் கூடாது. அவள் அதை நீக்குவதற்குள் அது கைப்பேசி கைப்பேசியாகப் போய்விட்டது. சாமிதுரைக்கு வேடம் போயிற்று. இந்த ஆண்டு பாஞ்சாலி வேறொருவன். சாமிதுரை, வேடங்கள் களத்துக்கு வரும்போது முன்னால் மறைக்கும் திரையைப் பிடிக்கிறான்.

“வாத்தியாரே, ஓரமா நின்னு எடுத்துக்கறேங்க.”

“ஊருத் திடலு. நிக்காதன்னு சொல்ல நான் யாரு?” என்றார் இளையபெருமாள், அவளைப் பாராமல். “நெருப்புப்பெட்டி கொண்டாந்தியா? இல்ல, எங்காளுவளே வச்சிருப்பானுவன்னு வந்துட்டியா?”

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். சாமிதுரை சிரிக்கவில்லை.

வெயில் ஏறியபோது பீமன் மண்ணுருவின் தொடையில் அடித்தான். உள்ளே புதைத்திருந்த குங்குமத் தண்ணீர் பீறிட்டது. பாஞ்சாலி விரித்த கூந்தலோடு முன்னால் வந்தாள்.

காமிராவின் முன் திரை எழுந்தது. படுகளத்தில் திரைக்கு வேலையே இல்லை. சாமிதுரை கூத்துக்கு முதுகைக் காட்டி, இரு கைகளையும் அகல விரித்து அதைப் பிடித்திருந்தான்.

“அண்ணே, ஒரு நிமிசம்ண்ணே. ஏழு வருசமா எடுக்கறேன்.”

“நான் இருவது வருசமா கட்டுன வேசம்.”

அவள் இடப்புறம் நகர்ந்தாள், திரையும் நகர்ந்தது.

“இதுக்கு என்னா பேரு எழுதப் போற?” என்றான்.

 பின்னால் கூந்தல் முடியும் பாட்டு தொடங்கியது. திரைக்கு மேலே தெரிந்த சாமிதுரையின் உதடுகள், அவனை அறியாமலே, அந்தப் பாட்டோடு அசைந்தன. காமிரா ஓடிக்கொண்டிருந்தது. தான் தேடி வந்ததைவிட இது பெரிய காட்சி என்று அவளுக்கு உடனே தெரிந்தது. போன ஆண்டும் இப்படித்தான் உடனே தெரிந்தது.

அவள் காமிராவை நிறுத்தினாள்.

“நிறுத்திட்டேன்ண்ணே.”

“பாத்தேன்.”

பாட்டு முடிந்தது. பெண்களின் குலவை எழுந்தது. பாஞ்சாலி கூந்தலை முடிந்துவிட்டாள். திரை இறங்கவில்லை.