கொழுக்கட்டையை மாத்தின கதை

எனக்குக் கோபம் சீக்கிரம் வரும். வந்த வேகத்தில் போய்விடும் என்று நான் சொல்லிக்கொள்வதுண்டு. என் வீட்டுக்காரர் அதை ஒத்துக்கொள்வதில்லை. ஆனால் ஒரே ஒரு கோபத்தை மட்டும் இருபது வருஷத்துக்கும் மேலாக அணையாமல் காத்து வந்தேன். அது என் பெரியம்மா மகள்மேல், அதாவது என் அக்காமேல். காரணம் ஒரு பூதம். உள்ளங்கை அகலத் திரைக்குள் மட்டுமே உயிரோடிருந்த பூதம்.

அப்போது நாங்கள் மலேசியாவில், ஜாசின் பக்கம் ஒரு செம்பனைத் தோட்டத்தில் இருந்தோம். சிங்கப்பூரில் வேலை பார்த்த மாமா, யாரோ விளையாடி முடித்த வீடியோ கேம் பெட்டி ஒன்றை எனக்குக் கொண்டுவந்து கொடுத்தார். சாம்பல் நிறம், செங்கல் கனம், முதுகில் நாலு பேட்டரி. திரையில் பச்சையும் கறுப்பும் தவிர வேறு நிறம் இல்லை, வெளிச்சமும் இல்லை. ஜன்னலோரம் சாய்த்துப் பிடித்தால்தான் ஏதாவது தெரியும். அதில் செருகியிருந்த கேசட்டில்தான் அந்தப் பூத விளையாட்டு இருந்தது. புல்லிலும் காட்டிலும் அலைந்து பூதங்களைப் பிடிக்க வேண்டும், வளர்க்க வேண்டும், மற்றவர் பூதங்களோடு மோதவிட வேண்டும். வளர வளர அவை உருமாறும். அவ்வளவுதான் விளையாட்டு. அதற்காக அம்மாவின் ரேடியோவிலிருந்த பேட்டரிகள் எத்தனை தடவை காணாமல் போயின என்பது அம்மாவுக்குத்தான் தெரியும்.

விளையாட்டு தொடங்கும்போதே உன் பெயர் என்ன என்று கேட்கும். என் பெயரை ஆங்கில எழுத்தில் எழுதினால் பதினொன்று வரும். பெட்டி ஏழுக்குமேல் விடவில்லை. நான் பிடித்த ஒவ்வொரு பூதத்தின் விவரப் பக்கத்திலும் உரிமையாளர் என்ற இடத்தில் வாலறுந்த என் பெயர்தான் நின்றது. அக்காவின் பெயருக்கு ஐந்தே எழுத்து. அதற்கே எனக்கு அவள்மேல் பாதிப் பொறாமை.

பூதத்துக்கு மட்டும் செல்லப்பெயர் வைக்கப் பத்து எழுத்து தாராளமாகக் கொடுத்திருந்தார்கள். உருண்டையாக, நெற்றியில் யாரோ விரலால் அழுத்திய தடத்தோடு, எப்போதும் உம்மென்று இருக்கும் ஒன்றைப் பிடித்தேன். பார்த்த உடனே 'கொழுக்கட்டை' என்று அடித்தேன். ஆங்கிலத்தில் எண்ணிப் பார்த்தால் சரியாகப் பத்து எழுத்து. அந்தப் பெயருக்காகவே அது பிறந்து வந்ததென்று நம்பினேன். மற்ற பூதங்களை மோதவிட்டு அடிவாங்க வைப்பேன். கொழுக்கட்டைக்கு ஒரு கீறல் பட்டாலும் ஓடிப்போய் மருந்து வைப்பேன்.

அக்கா மலாக்கா டவுனில் இருந்தாள். பள்ளி விடுமுறைக்கு எங்கள் வீட்டுக்கு வருவாள். அவளுடைய பெட்டி அடுத்த தலைமுறை: சின்னது, கலர்த் திரை, உள்ளே இருக்கும் கம்பியெல்லாம் வெளியே தெரியும் ஊதாக் கூடு. அவளிடமும் அதே விளையாட்டின் இன்னொரு கேசட் இருந்தது. அவளுடைய செல்லப் பூதம் தட்டையாக, ஓரமெல்லாம் சுருண்டு, காற்றில் மிதப்பது. நான் பெயர் வைத்ததைப் பார்த்துவிட்டு அவளும் அதற்கு 'அப்பளம்' என்று வைத்திருந்தாள். டவுன் பிள்ளை என்னைப் பார்த்துச் செய்த ஒரே காரியம் அதுதான்.

கொழுக்கட்டை மாதிரிச் சில பூதங்கள் எவ்வளவு வளர்த்தாலும் கடைசி உருவத்துக்கு மாறாது. வயர் போட்டு இன்னொருவர் பெட்டிக்கு அனுப்பினால், அங்கே போய் இறங்கியதும் மாறும். என் பெட்டியின் துளை பெரிது, அவளுடையது சிறிது. இரண்டுக்கும் பொருந்துகிற வயரை அவள் அப்பா மலாக்காவில் தேடி வாங்கிக் கொடுத்திருந்தார். அந்த விடுமுறையின் கடைசி நாள் காலையில் அக்கா வயரை எடுத்து வைத்தாள்.

"உன் கொழுக்கட்டைய மாத்தணும்னா என் அப்பளத்தோட மாத்தணும்டி. மாத்திக்கலாமா?"

"மாத்திக்கலாம்க்கா."

இந்த ஒரு வார்த்தையில்தான் எல்லாம் கெட்டது. ஆங்கிலத்தில் உருமாறுவதற்கு ஒரு சொல், கைமாற்றுவதற்கு ஒரு சொல். இரண்டும் திரையிலேயே தனித்தனியாக எழுதியிருந்தன. எங்கள் வாயில் இரண்டுக்கும் சேர்த்து ஒரே 'மாத்துறது'தான். மலாயில் 'துக்கார்' என்று கேட்டிருந்தாலும் இதே குழப்பம்தான் வந்திருக்கும். அவள் உருவத்தை மாத்தித் தருவதாகச் சொல்கிறாள், மாறியதும் கொழுக்கட்டை திரும்பி வந்துவிடும் என்று நான் எடுத்துக்கொண்டேன். நிரந்தரமாக மாத்திக்கொள்கிறோம், அவளுடையது எனக்கு, என்னுடையது அவளுக்கு என்று அவள் எடுத்துக்கொண்டாள்.

கொழுக்கட்டை வயர் வழியாகப் போனது. அவள் திரையில் வெள்ளையாக மினுங்கி, வீங்கி, கையும் காலும் முளைத்து, நெற்றித் தடம் மட்டும் அப்படியே இருக்க எழுந்து நின்றது. இரண்டு பேரும் கத்தினோம். அவ்வளவு அழகாக இருந்தது. அதற்குள் வாசலில் பெரியப்பா காரில் ஹாரன் அடித்தார். அக்கா வயரைப் பிடுங்கிச் சுருட்டினாள்.

"அக்கா, கொழுக்கட்டைய குடு!"

"அதான் மாத்திக்கிட்டோம்லா? அப்புறம் என்ன?"

கார் போய்விட்டது. என் கையில் அப்பளம் இருந்தது. எனக்கு வந்த கோபத்தில் காதெல்லாம் சூடாகிவிட்டது. விளையாட்டுக்குள் பூதத்தை விட்டுவிட ஓர் இடம் உண்டு. அங்கே போனேன். நிச்சயமாக விட்டுவிடலாமா என்று பெட்டி கேட்டது. ஆம் என்று அழுத்தினேன். அப்பளம் போய்விட்டது என்று ஒரு வரி வந்தது. ஆட்டத்தையும் சேமித்தேன். மத்தியானச் சோற்றுக்குள் என் கோபம் இறங்கிவிட்டது. அப்பளம் திரும்பி வரவில்லை.

அடுத்த விடுமுறையில் அக்கா தானாகவே வயரோடு வந்தாள். "அப்பளம் இல்லாம எனக்கு ஒரு மாதிரியா இருக்குடி. திருப்பி மாத்திக்கலாம். உன்னோடத நீயே வச்சிக்கோ" என்றாள். நான் என்ன செய்வேன்? "மாத்தினா மாத்தினதுதான், எனக்கு வேணாம்" என்று மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டேன். அவள் ரொம்ப நேரம் கெஞ்சினாள். அன்றிலிருந்து நான் ஏமாற்றப்பட்டவள், அவள் ஏமாற்றியவள் என்று சொந்தக்காரர்களிடமெல்லாம் சொல்லி வைத்தேன். கல்யாண வீடுகளில் அவளைப் பார்த்ததும் "வந்துட்டா பாரு, கொழுக்கட்டைத் திருடி" என்பேன். எல்லோரும் சிரிப்பார்கள். அவளும் சிரிப்பாள். உண்மை எனக்கு மட்டும் தெரியும்.

தோட்டத்தை விட்டு மலாக்காவுக்கு வந்தோம். படித்தேன், வேலைக்குப் போனேன், கல்யாணம் ஆனது. பூத விளையாட்டை மட்டும் விடவில்லை. அது வளர வளர நானும் பெட்டியை மாற்றிக்கொண்டே வந்தேன். அகலமான பெட்டி வந்தது, பிறகு அதையே மடக்கி உள்ளே விளக்கு வைத்தார்கள். இரண்டு திரையும் குச்சிப் பேனாவும் வைத்த பெட்டி வந்தது. அதில் வயரே வேண்டாம், காற்றிலேயே மாத்திக்கொள்ளலாம். கண்ணுக்கு முன்னால் பூதம் எழும்பி நிற்கிற மாதிரித் திரை வந்தது, இப்போது டிவியில் செருகிக்கொள்ளும் பெட்டி. நடுவில் ஒரு வருஷம் போனிலும் வந்தது. அப்போது ஆற்றங்கரையில் பாதி மலாக்கா போனைத் தூக்கிக்கொண்டு நின்றது. அலுவலகம் விட்டதும் நானும் போய் நின்றேன், சேலையோடு. வீட்டுக்காரர் காரிலேயே உட்கார்ந்து என்னைத் தெரியாதவர்போல் பேப்பர் படித்தார்.

அந்த அகலப் பெட்டியில் பிடித்த பூதங்களை ஒவ்வொரு பெட்டியாகத் தூக்கி வந்து இன்றைய பெட்டிவரை சேர்த்துவிட்டேன். அவற்றுக்கு முன்னால் இருந்த கேசட்டுகளிலிருந்து மட்டும் வழியே கிடையாது. கம்பெனிக்காரன் அந்த இடத்தில் பாலம் போடவில்லை. என்னிடம் இன்று நூற்றுக்கணக்கில் பூதங்கள், எல்லாம் வண்ணத்தில், முதுகுப்பக்கம்கூடத் தெரியும்படி. கொழுக்கட்டை மட்டும் அக்கரையிலேயே, அக்காவின் கேசட்டிலேயே நின்றுவிட்டது.

போன தீபாவளிக்கு அலமாரியைத் துடைக்கும்போது என் முதல் பெட்டி கிடைத்தது. பேட்டரி போட்டேன். ஓடியது. ஆனால் பழைய ஆட்டம் இல்லை. புதிதாகத் தொடங்கு என்று மட்டும் காட்டியது. ஆட்டத்தை நினைவில் வைத்திருப்பது கேசட்டுக்குள் இருக்கும் காசு அகலப் பேட்டரிதான். அது செத்தால் எல்லாம் அழிந்துவிடும். அப்படியானால் அக்காவின் கேசட்டும் செத்திருக்குமே என்று தோன்றியதும் துடைத்த துணியைக் கீழே போட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டேன். பூதம்தானே என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். பலிக்கவில்லை. அடுத்த சனிக்கிழமை காரை எடுத்துக்கொண்டு மஸ்ஜித் தானாவுக்குப் போனேன். அக்கா கல்யாணமாகிப் போன ஊர் அது. அங்கே மளிகைக் கடை வைத்திருக்கிறாள்.

"வாலா, ஏமாந்தவளே" என்று வரவேற்றாள். நான் விஷயத்தைச் சொன்னதும் கல்லாவுக்குக் கீழே கைவிட்டு அந்த ஊதாப் பெட்டியை எடுத்தாள். முடுக்கினாள். பழைய ஆட்டம் அப்படியே இருந்தது. கொழுக்கட்டை உம்மென்று நின்றது. செல்லப்பெயர் மாறவில்லை, அடுத்தவரிடமிருந்து வந்த பூதத்தின் பெயரை மாற்ற விளையாட்டு விடாது. விவரப் பக்கத்தில் உரிமையாளர் என்ற இடத்தில் வாலறுந்த என் பெயர்.

"எப்படிக்கா இன்னும் இருக்கு?"

"பேட்டரி மாத்துனேன். மலாக்கால போன் ரிப்பேர் பாக்குறவர் ஒருத்தர், எல்லாத்தையும் மொதல்ல கம்ப்யூட்டர்ல எடுத்து வச்சிக்கிட்டு அப்புறம் மாத்திக் குடுத்தாரு. ரெண்டு தடவ அலைஞ்சேன், சூசாதான், கஷ்டப்பட்டுட்டேன். உன் பேர்ல இருக்கிறது என் கையில செத்துப் போனா நீ என்ன சும்மா விடுவியா?"

என்னால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை. அவள் அதற்குள் வயரையும் எடுத்து வைத்துவிட்டாள். அதே வயர்.

"என் அப்பளத்த கொண்டாந்தியா? இன்னைக்காவது திருப்பி மாத்திக்கலாம்லா?"

"கேசட் பேட்டரி செத்துப் போச்சுக்கா" என்றேன். அது பொய்யில்லை. அத்தோடு விட்டிருந்தால் உலகத்தில் யாருக்கும் தெரிந்திருக்காது.

அக்காவின் முகம் வாடியது. ஆனாலும் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஐயோ, ஒரு வார்த்த சொல்லியிருந்தா உன்னோடதையும் சேத்து மாத்தியிருப்பேனே. என் தப்புதான், நானாவது கேட்டிருக்கணும். நீ ஒண்ணும் கவலப்படாத" என்றாள். அவள் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அவள் எனக்கு ஆறுதல் சொல்வதைத் தாங்க முடியவில்லை.

"அக்கா, பேட்டரி செத்தது நெசம்தான். ஆனா அப்பளம் அதுக்கு ரொம்ப முன்னாடியே போயிடுச்சு. நீ கார்ல ஏறிப் போன அன்னைக்கே நான்தான் விட்டுட்டேன். கோவத்துல."

அவள் கையை எடுத்துக்கொண்டாள். ஒரு மலாய்க்கார அம்மா வந்து கறித்தூள் கேட்டார். அக்கா எடுத்துக் கொடுத்து, சிரித்து, நன்றி சொல்லி அனுப்பினாள். அவர் போனதும் அந்தச் சிரிப்பும் போய்விட்டது. பெட்டியை எடுத்து ஏதோ அழுத்தினாள், பிறகு திரையை என் பக்கம் திருப்பினாள். கொழுக்கட்டையை நிச்சயமாக விட்டுவிடலாமா என்று அது கேட்டுக்கொண்டிருந்தது. அவள் கட்டைவிரல் பொத்தானுக்கு மேலே இருந்தது.

எந்த முகத்தோடு கேட்பேன்?

"கேளுடி" என்றாள். "கேட்டா நிறுத்திடுவேன். அன்னைக்கு எனக்குக் கேக்கவாவது ஒரு சான்ஸ் குடுத்தியா நீ?"

"வேணாம்க்கா. விட்டுடாத."

இல்லை என்று அழுத்தினாள். பெட்டியை அணைத்து என் மடியில் போட்டாள். நான் அழுதேன், அரிசி மூட்டைமேல் உட்கார்ந்து, இந்த வயதில். அவள், "கீலாலா நீ, பைத்தியம். அடுத்த வாட்டி எனக்குத் திருடின்னு பேர் வைக்கிறதுக்கு முன்னாடி யோசி" என்று சொல்லிவிட்டு மைலோ கலக்க உள்ளே போனாள். கொழுக்கட்டையை அவளிடமே விட்டுவிட்டு வந்தேன். என்னிடம் பதிலுக்கு மாத்த ஒன்றும் இல்லை.

அந்த ரிப்பேர்க்காரரைத் தேடிப் பிடித்து என் கேசட்டுக்கும் பேட்டரி மாத்தினேன். நேற்று மாலை ஜன்னலோரம் அந்தச் செங்கல்லைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு ஆட்டத்தை முதலிலிருந்து தொடங்கினேன். அப்பளம் மாதிரித் தட்டைப் பூதம் எந்தப் புல்லில் வரும் என்று எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது. ஆனால் நான் பிடித்தால் உரிமையாளர் இடத்தில் என் பெயரல்லவா விழும்? வழக்கம்போல உன் பெயர் என்ன என்று பெட்டி கேட்டது. அக்காவின் பெயரை அடித்தேன். ஐந்தே எழுத்து, முழுசாக உள்ளே போனது.