கடைசி மனையில் சுண்ணாம்புக் கோடு

அன்று கடைசி மனையில் நின்றது ஐந்து பேர். நான், அண்ணன், கேமராவோடு வந்த என் நண்பன், மனைக்கு அட்வான்ஸ் கொடுத்திருந்த சார், அவர் மனைவி. ஆறாவதாக யாரும் இல்லை. இருந்திருந்தால் அவரிடமாவது கேட்டிருப்பேன்.

ராஜகீழ்ப்பாக்கத்தில் எங்கள் நெல் வயல் மனை மனையாகப் போய், மிச்சம் அது ஒன்றுதான். அதை விற்ற பணத்தில் அண்ணன் சேலையூரில் சிமெண்ட் கடை போடுவதாக இருந்தது. நான் ஒன்பதாவதோடு படிப்பை விட்டவன். போர்டு எழுதுவேன், கல்யாண வீடியோ எடுப்பேன். தொண்ணூறுகளின் தொடக்கம் அது. வயல் இருந்த இடத்திலேயே வயலை வரைந்து படமெடுத்தால் என்ன என்று தோன்றிவிட்டது. இரண்டு மூட்டை சுண்ணாம்புத் தூள் வாங்கி, பழைய வரப்பு, களம், ஏரியிலிருந்து வந்த வாய்க்கால் எல்லாவற்றையும் ஞாபகத்திலிருந்து கோடு போட்டேன். பக்கத்தில் பாதி கட்டிய வீட்டு மாடியிலிருந்து எடுத்து முடித்து, நண்பன் அப்போதுதான் இறங்கியிருந்தான். மனைக்கு அளவுக்கோடு போடுவதும் அதே சுண்ணாம்பில்தான் என்பது எனக்கு உறைக்கவே இல்லை.

மீதிப் பணம் பேச வந்த சார், மனை நடுவில் வெள்ளைக் கோட்டைப் பார்த்து நின்றுவிட்டார்.

"என்ன இது? ரோடு எடுக்கப் போறாங்களா?"

"இல்ல சார். அந்தக் காலத்து வாய்க்கால். சும்மா படத்துக்கு," என்றேன். சொல்லியிருக்கக் கூடாது.

"வாய்க்காலா? என் பிளாட்லயா?"

"பெட்ரூமே அங்கதானே வருது," என்றார் அவர் மனைவி.

அண்ணன் என்னை ஓரமாக இழுத்தான். "இன்னாடா பண்ணி வெச்சிகீற? வாய்க்கா அந்தாண்ட, புளியமரத்துகிட்ட போச்சு. இங்க எங்கடா கீது?"

"இல்லண்ணா, இங்கதான்..." என்று ஆரம்பித்தேன். புளியமரத்தை வெட்டியாகிவிட்டது. அது எங்கே நின்றது என்பதே பிடிபடவில்லை. நண்பன் வேறு, "மச்சான், காலைல நீயே ரெண்டு தபா அழிச்சிப் போட்டியேடா!" என்றான், எல்லாருக்கும் கேட்கும்படி.

"அழிச்சிடறேன் சார்" என்று செருப்பால் தேய்த்தேன். தேய்க்கத் தேய்க்க வெள்ளை பரவியது.

"இவ்ளோ அகலமா?" என்றார் அந்த அம்மா.

பத்திரம் எப்படியோ பதிவானது. ஆனால் ஒரு மழை பார்த்துவிட்டுத்தான் மிச்சப் பணம் என்று சார் இருபத்திரண்டாயிரத்தைப் பிடித்துக்கொண்டார். கடைக்கு முன்பணம் கொடுத்துவிட்டிருந்த அண்ணனுக்கு வேறு வழியில்லை. ஐப்பசியில் தண்ணீர் வந்தது, மனையில் மட்டுமல்ல, தெரு முழுக்க. "வாய்க்கால்ல வந்துடுச்சு பாருங்க," என்றார் சார். "ரோட்ட ஒசத்திட்டாங்க, அதான் நிக்குது," என்றான் அண்ணன். எனக்கு இரண்டுமே சரியாகப் பட்டது. கேசட்டைப் போட்டுப் போட்டுப் பார்த்தேன். நான் போட்ட கோடு நன்றாகத் தெரிகிறது. வாய்க்கால் எங்கே ஓடியது என்று மட்டும் தெரியவில்லை.

அண்ணன் கடை சிமெண்ட் இல்லாமல், ஆணியும் பெயிண்டுமாகத் திறந்தது. சார் அஸ்திவாரத்தை உயர்த்தி அங்கேயே வீடு கட்டிக்கொண்டார். சிமெண்ட் வேறு கடையில் வாங்கினார். வழியில் பார்த்தால் "படம் முடிஞ்சுதா?" என்று விசாரிக்கிறார். அவர் தர வேண்டிய பாக்கி இன்னும் அப்படியே நிற்கிறது, இருபத்திரண்டாயிரம் ரூபாய்.