வீட்டுக்குப் போகும் படையணி

"அங்க சண்டைக்குப் பயந்து ஓடி வந்த மனுசன், இஞ்ச வந்து ஞாயிற்றுக்கிழமையில சந்தா கட்டிச் சண்டை பிடிக்கிறார்" என்று என் மனைவி தொலைபேசியில் தன் அக்காவுக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள். மறுமுனையின் சிரிப்பு அடுத்த அறையில் இருந்த எனக்கும் கேட்டது. ஒரேயொரு திருத்தம் இருந்தது: நான் சண்டை பிடிப்பதில்லை, மத்தியஸ்தம் பார்க்கிறேன். அதைச் சொன்னால் சிரிப்பு இன்னும் கூடும்.

எல்லாம் தொடங்கியது ஒரு தட்டு றோல்ஸில். மொன்றியலில் எங்கள் கத்தோலிக்கப் பங்கில் தமிழ்ப் பூசை முடிந்து ஒரு ஞானஸ்நான விருந்து. கோயிலின் நிலக்கீழ்த் தளத்தில் இரண்டு மண்டபங்கள் உண்டு. ஆட்டிறைச்சி றோல்ஸ் குவிந்த அலுமினியத் தட்டு என் பார்வையை மறைக்க, நான் பிழையான கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன். பச்சைத் துணி விரித்த பெரிய மேசை. அதில் குட்டி மரங்கள், ஓர் ஆறு, ஒரு பாலம். எங்கள் சனம் மேசை அலங்காரத்தில் இவ்வளவு முன்னேறிவிட்டதா என்று வியந்தபடி தட்டை நடுவில் இறக்கினேன். கீழே ஏதோ நொறுங்கியது. நான் தட்டை வைத்த இடம் கிழக்கு ஐரோப்பாவின் கலீசியச் சமவெளி. நொறுங்கியது ஒஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசின் குதிரைப்படை.

ஈயச் சிப்பாய்களை அடுக்கி, தாயக்கட்டை உருட்டி, பழைய போர்களை மறுபடி நடத்துகிற சங்கம் அது. அவர்கள் கோபிக்கவில்லை. "பரவாயில்லை, அது எப்பிடியும் தோக்கிற பக்கம்தான்" என்றார் ஒருவர். (அவர்கள் பேசுவது பிரெஞ்சு. என் நினைவில் தங்குவது மட்டும் யாழ்ப்பாணத் தமிழில். இத்தனை வருடத்துக்குப் பிறகும் என் மூளை அப்படித்தான் மொழிபெயர்க்கிறது.) றோல்ஸைத் தின்று பார்த்தபின் அடுத்த ஞாயிறும் வரச் சொன்னார்கள். வரச் சொன்னது என்னையா, றோல்ஸையா என்று நான் விசாரிக்கவில்லை.

முதலில் என்னைத் தளபதியாக விட்டுப் பார்த்தார்கள். எதிரி வருவதற்கு முன்பே என் பீரங்கிகளை என் ஆட்களைப் பார்த்தபடி நிறுத்தி வைத்தேன். அன்றே மத்தியஸ்தர் ஆனேன். விளையாடத் தெரியாதவனின் கழுத்தில் விசிலை மாட்டிவிடுவது எங்கள் ஊர்க் கழகங்களிலும் நடந்ததுதான்.

மத்தியஸ்தருக்கு வரலாறு தெரிந்திருக்கவேண்டும் என்று வாசிக்கத் தொடங்கினேன். நகரின் சென்ட் லோரன்ட் பகுதியில், துறைமுகத்திலிருந்து வரும் கொள்கலன்களுக்கு லொறி ஒழுங்கு செய்வது என் வேலை. போகும்போதும் வரும்போதும் மெற்றோவில் பேரரசு சரிந்துகொண்டிருந்தது. வாசிக்க வாசிக்க அது எனக்கு நெருங்கிய சொந்தம் போல ஆகிவிட்டது. வயது போன சக்கரவர்த்தி. பத்துப் பதினொரு மொழி பேசும் படை. பிழையான போர்முனைக்கு அனுப்பப்பட்டு, சுற்றிக்கொண்டு சரியான முனைக்கு வந்துசேர்ந்த ஒரு முழுச் சேனை. அணிவகுப்புக்கு நேர்த்தியாகத் தெரியவேண்டும் என்று செய்த சேணம் முதுகை உரசி, எதிரியைக் காணாமலே புண்பட்ட குதிரைகள். கட்டளைச் சொற்கள் ஜேர்மன் மொழியில் ஏறக்குறைய எண்பது. சிப்பாய்க்கு அவை போதும். எங்கள் சரக்குக் களஞ்சியத்தில் ஹெயிட்டிக்காரர், அல்ஜீரியர், பஞ்சாபியர், நாங்கள். எல்லாருக்கும் பொதுவான பிரெஞ்சு அந்த எண்பதைத் தாண்டாது: தூக்கு, இறக்கு, கவனம், கோப்பி நேரம். அதை வைத்துக்கொண்டு ஒரு பேரரசு அரை நூற்றாண்டு ஓடியது என்பதில் எனக்கு ஆச்சரியம் வரவில்லை. நாங்கள் கிழமைக்கு ஐந்து நாள் ஓட்டுகிறோம்.

சிரிக்கலாம். ஆனால் தன் சிப்பாய்களின் பாஷையை அதிகாரி படித்தே ஆகவேண்டும் என்று விதி வைத்திருந்த இராணுவமும் அதுதான். என் சின்ன வயதில் எங்கள் வீட்டு ஒழுங்கைக்கு வந்த இராணுவங்கள் தமிழில் பாடமாக்கி வைத்திருந்தது "வெளியே வா" என்பதை மட்டும்.

சங்கத்தில் அந்தப் பேரரசை யாரும் எடுக்க விரும்புவதில்லை, ஒருவரைத் தவிர. அவர் பஸ் சாரதியாக இருந்து ஓய்வுபெற்ற பெரிய உடம்புக்காரர். ஓய்வுபெற்ற வரலாற்று வாத்தியார் ஒருவர் எப்போதும் ரஷ்யாவை எடுப்பார், எப்போதும் வெல்வார். விதிப்புத்தகத்தைத் தலையணைக்குக் கீழ் வைத்துப் படுப்பவர் என்று சாரதி அவரைப் பகிடி பண்ணுவார். "படுக்கிறதில்லை, படிக்கிறனான். நீரும் ஒருக்கால் படிச்சுப் பாரும்" என்பார் வாத்தியார்.

சாரதியின் சேனையில் ஒரு படையணி மட்டும் வேறு மாதிரி. அதை அவர் தன் கையாலேயே வர்ணம் தீட்டியிருந்தார். சாம்பல் நீலச் சீருடை ஒன்றுதான், முகங்கள் வேறுவேறு. ஒருவனுக்கு மீசை ஒரு பக்கம் கொஞ்சம் கூட.

"அது அப்பப்பா. என்ரை கை நடுங்கினதில்லை. அவரின்ரை மீசையே அப்பிடித்தான்" என்றார்.

அப்பப்பா, சாரதியின் அப்பாவைப் பெற்றவர், கலீசியாவின் ஒரு கிராமத்துக்காரர். முதல் உலகப் போரின் தொடக்கத்தில், ஆற்றைக் கடந்து பின்வாங்கிய படையில் இருந்தவர். கட்டளைப்படி பின்வாங்கினாரா, விட்டால் போதும் என்று நேரே வீட்டுக்கு நடந்தாரா என்பதை அவர் ஒருவருக்கும் சொன்னதில்லை. போர் முடிந்தபோது பேரரசும் இல்லை. அவர் மொன்றியலுக்கு வந்து துறைமுகத்தில் மூட்டை சுமந்து, வாய் திறக்காமலே கண்ணை மூடினார். அதன்பிறகு குடும்பத்துக் கலியாண வீடுகளில் ஒரு பெரியப்பா, கொஞ்சம் போதை ஏறியதும், "தப்பி ஓடினவன்ரை வம்சம் எல்லாம் வரிசையில நில்லுங்கோ" என்று படம் எடுக்கக் கூப்பிடுவாராம். எல்லாரும் சிரிப்பார்களாம். எனக்குச் சொன்னபோது சாரதி சிரிக்கவில்லை.

போன வசந்தத்தில் மகள் அவருக்குப் பக்கத்து நகர் லவாலில் முதியோர் இல்லம் ஒன்றில் அறை எடுத்துவிட்டாள்.

"கட்டிலுக்கும் ரீவிக்கும் இடம் இருக்கு தம்பி. பேரரசுக்கு இல்லை" என்றார். சேனை முழுவதையும் சங்கத்துக்குக் கொடுக்கிறாராம், அந்த ஒரு படையணியைத் தவிர. "இவங்களைக் கிளப்பில விட்டால் வாத்தியார் கிழமைக்குக் கிழமை கொல்லுவார். கடைசியாய் ஒரு விளையாட்டு. ஆத்தைக் கடந்து எங்கட பக்கத்து மேசை ஓரத்தால வெளியில போயிட்டாங்கள் எண்டால், பேந்து விளையாடத் தேவையில்லை. நீர் உம்மடை வீட்டில வைச்சிரும்."

நான் ஓம் என்றேன். என் வாய் ஓம் சொல்லிப் பழகியது. வீட்டில் விஷயத்தைச் சொன்னதும் மனைவி கரண்டியைக் கீழே வைத்தாள்.

"ஆமியோ? எங்கட வீட்டுக்கோ?"

"ஈயத்தில செய்தது. விரல் அளவுதான்."

"விரல் அளவெண்டாலென்ன, ஆள் அளவெண்டாலென்ன? ஆமி வந்து இருந்தால் எழும்பாது."

அவள் பெற்றோரின் வீட்டை இராணுவம் முகாமாக்கி வருடக்கணக்கில் வைத்திருந்தது. திரும்பக் கிடைத்தபோது கதவு மட்டுமல்ல, கதவு நிலைகளும் இல்லை. அவளுடைய தந்தை அதைப் பார்க்க உயிரோடு இல்லை. கரண்டியை எடுத்து அவள் கையில் கொடுத்துவிட்டு வெளியே வந்தேன்.

கடைசி விளையாட்டு அந்த வசந்தத்தின் ஞாயிறு ஒன்றில். விதி இலகுவானது: மேசை ஓரத்தால் வெளியேறும் படையணி, அதிகாரியோடு போனால் "ஒழுங்காகப் பின்வாங்கியது". அதிகாரி இல்லாமல் போனால் "தப்பி ஓடியது". ஆட்டத்தின் முடிவில் மத்தியஸ்தர் அதைச் சத்தமாக அறிவிப்பார்.

வாத்தியாரின் தாயக்கட்டைக்கு இரக்கமில்லை. பின்னேரத்துக்குள் பேரரசின் நடுப்பகுதி உடைந்தது. சாரதியின் படையணி கோதுமை வயலில் தனியாக நின்றது, முன்னால் பாலம், பின்னால் ரஷ்யாவின் கொசாக் குதிரைப்படை. அடுத்த உருட்டலில் அதிகாரி விழுந்தார். வாத்தியார் அந்த ஈயத் துண்டை மெல்ல எடுத்து ஒரு பக்கம் படுக்க வைத்தார்.

சாரதி தன் ஆட்களைப் பாலத்தை நோக்கி நகர்த்தத் தொடங்கினார்.

"நில்லும். ஒஃபிசர் இல்லை. ஆர் ஓர்டர் குடுத்தது?" என்றார் வாத்தியார்.

"வீட்டை போறதுக்கும் ஓர்டர் வேணுமோ?"

"போகலாம், ஆர் மறிச்சது? ஆனால் போனால் அது தப்பி ஓடினது. அப்பிடித்தான் அறிவிக்க வேணும்."

சாரதியின் கை பாலத்தருகே நின்றுவிட்டது. "அந்தச் சொல் வேண்டாம்" என்றார், மிகவும் மெதுவாக.

வாத்தியார் கல்நெஞ்சர் அல்ல. பெரியப்பாவின் பகிடி அவருக்கும் தெரியும். ஆனால் ஒருவருக்காக வளைந்தால் அது விதியில்லை என்று வகுப்பில் காலம் முழுக்கச் சொல்லிக்கொடுத்தவர். இருவரும் என்னைப் பார்த்தார்கள். சபையில் நான் ஒருவன்தான் சட்டப்படி பதிவு செய்யப்பட்ட தப்பியோடி. இந்த நாட்டுக்கு வந்து இறங்கியபோது மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த குடிவரவு அதிகாரி என்னைக் கேட்டதும் ஏறக்குறைய இதே கேள்விதான்: போகச் சொன்னது யார்? யாரும் சொல்லவில்லை என்றேன். சொல்லக்கூடியவர்கள் யாரும் மிச்சமில்லை என்பதை அன்று சொல்லத் தெரியவில்லை.

"வாத்தியார்," என்றேன், "அந்த ஒஃபிசர் உயிரோடை இருந்தால் என்ன ஓர்டர் குடுத்திருப்பார்?"

அவர் யோசித்தார். வரலாறு என்றால் பொய் சொல்ல அவருக்கு வராது. "பின்வாங்கச் சொல்லித்தான். அண்டைக்கு முழுச் சேனைக்கும் அதுதான் ஓர்டர்."

"அப்ப இவங்கள் ஓர்டரைத்தான் செய்யிறாங்கள். அது இன்னும் வந்து சேரேல்லை, அவ்வளவுதான். அந்தப் பேரரசில எதுதான் நேரத்துக்கு வந்து சேர்ந்தது?"

"விதிப்புத்தகத்தில அப்பிடி இல்லை."

"றோல்ஸும்தான் விதிப்புத்தகத்தில இல்லை. கேள்வி கேளாமல் தின்னுறீங்கள்."

யாரோ சிரித்தார்கள். வாத்தியார் சிரிக்கவில்லை. கொசாக்குகளைத் துரத்தவிட அவருக்கு இன்னும் ஒரு உருட்டல் இருந்தது. அது அவருடைய உரிமை, எந்த மத்தியஸ்தராலும் தடுக்க முடியாது. உருட்டினார், பார்த்தார், உடனே கட்டையை உள்ளங்கையால் பொத்தினார்.

"குதிரை களைச்சுப்போச்சு" என்றார்.

சேணம் உரசியது ஒஸ்திரியக் குதிரைகளுக்கு. ரஷ்யக் குதிரைகள் ஏன் களைத்தன என்று நான் கேட்கவில்லை. படையணி பாலத்தைக் கடந்தது. எழுந்து நின்று, கோயில் வாசகம் வாசிக்கிற குரலில், "ஒழுங்காகப் பின்வாங்கியது" என்று அறிவித்தேன். சாரதி மேசை ஓரத்தில் உள்ளங்கையை ஏந்தி, ஒவ்வொருவனாக அதில் இறக்கினார். மீசைக்காரன் கடைசி. பிறகு தும்மல் வந்தது போல மூக்கைத் துடைத்துக்கொண்டார். தும்மவில்லை.

மகளின் கார் வெளியே காத்து நின்றது. சாரதி படையணியை அடுக்கிய ஒரு பிஸ்கற் தகர ரின்னை என் கையில் வைத்து, "பிடியும் தம்பி" என்றார்.

அதை என் மேலங்கிக்குள் ஒளித்துக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தேன். வீட்டுக்குள் இராணுவத்தைக் கடத்துவதில் எனக்குப் பயிற்சியில்லை. சப்பாத்தைக் கழற்றக் குனிந்தபோது ரின் விழுந்து திறந்தது. படை வாசலிலேயே சிதறிக் கிடந்தது.

மனைவி வந்து பார்த்தாள். நான் நடந்ததைச் சொன்னேன், தாயக்கட்டையைப் பொத்திய கை உட்பட. அவள் குனிந்து ஒருவனை எடுத்தாள். அவள் கையில் அகப்பட்டது மீசைக்காரன்தான் என்று எழுத ஆசை. உண்மையில் அது வேறு யாரோ, தொப்பி சரிந்த ஒருவன்.

"இவங்கள் எங்க போறாங்கள்?"

"வீட்டை."

"திரும்பி வருவாங்களோ?"

"இல்லை. அவங்கட விளையாட்டு முடிஞ்சுது."

அவள் அவனை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு கண்ணாடி அலுமாரியைத் திறந்து, கலியாணத்துக்கு வந்த தேநீர்க் கோப்பைகளைக் கொஞ்சம் ஒதுக்கினாள்.

"வாசல் பக்கம் பார்க்க வையுங்கோ. வெளிக்கிட்டுப் போற ஆமியை இண்டைக்குத்தான் காணுறன்."

இப்போதும் அப்படியே நிற்கிறார்கள். லவாலுக்குப் போகும்போது ஒரு படம் எடுத்துக்கொண்டு போய்ச் சாரதிக்குக் காட்டினேன். மீசையைப் பெரிதாக்கிப் பார்த்தார். தூசி தட்டும்போது எவனாவது உள்ளே பார்க்கத் திரும்பிவிட்டால், மனைவியே பிடித்து வாசல் பக்கம் திருப்பிவிடுகிறாள். தொலைபேசியில் அக்காவுக்கு மட்டும் இந்த விஷயத்தை இன்னும் சொல்லவில்லை.