ஆட்டுக்கு ஒரு ‘ம்’

மகளை இங்கிலீஷ் பள்ளிக்கூடத்தில் சேர்த்த வருஷம் எனக்குச் சோறு சரியாக இறங்கவில்லை. எங்களுக்குத் தோல் மண்டி. அந்த வாடையெல்லாம் மூக்குக்குப் பழகியது. இந்தக் குமட்டல் வேறு.

“வீட்லயும் தமிழ் பேசாதீங்க. பேசுனா ஒண்ணாங் கிளாசுக்கு ஏத்த மாட்டோம்” என்று டீச்சர் சொன்னார். அதைத் தமிழில்தான் சொன்னார். நான் பத்தாவது வரை படித்தவள். பதில் இருந்தது. பிள்ளைக்கு இடம் போய்விடுமோ என்று தலையாட்டிவிட்டு வந்தேன்.

அத்தா ‘டாடி’ ஆனார், நான் ‘மம்மி’ ஆனேன். மெட்ராஸிலிருந்து தோல் வாங்க யார் வந்தாலும் என் கணவர் பிள்ளையை நாற்காலி மேல் ஏற்றி நிறுத்துவார். பனி கொட்டுவதைப் பற்றி ஒரு பாட்டை அவள் எங்கோ பார்த்துக்கொண்டு ஒப்பிப்பாள். வந்தவர்கள் வாயில் பிரியாணியோடு மெச்சிவிட்டு, எண்ணெய் விரலால் அவள் கன்னத்தைக் கிள்ளுவார்கள். அந்தக் கன்னத்தைத் துடைக்கும்போது அருவருப்பாக இருக்கும். அவர்கள் மேலா, பெருமையாகச் சிரித்துக்கொண்டு நின்ற என் மேலா? பிரித்துப் பார்க்க முடிந்ததில்லை.

எங்கள் வீட்டுப் பெண்களிடம் ஒரு கதை உண்டு. மழையைத் தேடிப் புறப்பட்ட ஆட்டின் கதை. பிள்ளைக்குச் சோறு ஊட்டும்போது சொல்வது. சொல்கிறவள் ஒவ்வொருத்தியும் ஆட்டைப் புதிதாக ஓர் ஊருக்கு நடத்திப் போய், அங்கே அது பாட ஒரு பாட்டும் கட்ட வேண்டும். என் அம்மா அதைக் குஜிலியம்பாறைப் பொட்டலில் கொண்டுபோய் நிறுத்தியிருந்தார். நான் கன்னிவாடி மலையடிக்கு ஓட்டிப்போனேன்.

தவிச்ச வாய்க்குத் தண்ணி கொடு
தாடி நனைய மழையக் கொடு

கேட்கிற பிள்ளை நிறுத்துமிடமெல்லாம் ‘ம்’ கொட்ட வேண்டும். கொட்டாவிட்டால் ஆடு அங்கேயே நின்றுவிடும்.

டீச்சர் சொன்னதிலிருந்து அந்தக் கதையைச் சொல்லவில்லை. ஒருநாள் மத்தியானம் பிள்ளை சோற்றைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு விழுங்காமல் உட்கார்ந்திருந்தாள். பொறுக்காமல் ஆட்டைக் கிளப்பினேன்.

“ஆடு நடந்துச்சாம்.”

“யெஸ், மம்மி.”

“‘ம்’ கொட்டுடி.”

“மிஸ் வாயில அடிப்பாங்க. யெஸ்தான் சொல்லணும்.”

கையில் பிசைந்திருந்த சோறு எச்சில்போல் பிசுபிசுத்தது.

“அந்த ஆட்டுக்கு யெஸ்ஸெல்லாம் வெளங்காது. பாரு, வெயில்ல அங்கனயே நிக்கிது.”

அத்தா படுத்திருந்த அறைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

“தண்ணி குடிச்சிச்சா?”

“நீ கொட்டுனாத்தான் நடக்கும்.”

“ம்” என்றாள், எனக்கு மட்டும் கேட்கும்படி.

உள்ளேயிருந்து என் கணவர் கத்தினார். “ஏ புள்ள, அவ ஃபெயிலாகணுமா? அந்த ஆட்ட மண்டிக்கு அனுப்பு, உரிச்சுப் போட்டுருவோம்.”

“மலையேறட்டுங்க. பெறகு உரிங்க.”

என் வாயிலிருந்தா வந்தது என்று இருந்தது. பாட்டையும் பாடினேன். ‘ம்’ சத்தம் கூடிக்கொண்டே வந்தது. தட்டு காலியானது.

விடிந்ததும் பயம் பிடித்துக்கொண்டது. ரிப்பன் கட்டும்போது அவள் காதில் சொன்னேன்: “‘ம்’மெல்லாம் வீட்டோட. பள்ளிக்கூடத்துல மறந்தும் சொல்லிராத, என்ன?”

திருடிய பொருளைப் பிள்ளையின் மடியில் ஒளித்து வைத்தவள் போல் என் நாக்கு கசந்தது.

“ம்” என்றாள். உடனே இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு என்னைப் பார்த்தாள்.